பழைய கணினிக்கு ஒரு பொறுப்பாளர்

பழைய மேசைக் கணினியின் பெட்டியைத் திறந்து, விசிறியையும் அதற்கடியில் இருக்கும் அலுமினியக் கட்டியையும் கழற்றி, காய்ந்து பொருக்குத் தட்டிய பசையைத் துணியால் துடைத்தால் செயலிச் சில்லின் முகம் தெரியும். நிறுவனத்தின் பெயர், மாடல் எண், வேகம் எல்லாம் பொடி எழுத்தில் பொறித்திருக்கும். கூடவே ஐந்தே ஆங்கில எழுத்துகளில் ஒரு நாட்டின் பெயர்: ‘மலே’. மலேசியாவில் பொருத்திச் சோதித்து அனுப்பியது என்று பொருள். எல்லாச் சில்லிலும் அது இருக்காது. சிலவற்றில் கோஸ்டாரிகா இருக்கும், சிலவற்றில் பிலிப்பைன்ஸ். ஆனால் சுங்கைப்பட்டாணியிலும் அதைச் சுற்றிய தோட்டங்களிலும் நான் திறந்து பார்த்த பெட்டிகளில் அந்த ஐந்து எழுத்தைப் பலமுறை பார்த்துவிட்டேன். பார்க்கும்போதெல்லாம் கை ஒரு நிமிடம் நின்றுவிடும்.

இண்டெல் நிறுவனம் அமெரிக்காவுக்கு வெளியே தன் முதல் ஆலையைப் பினாங்கு பாயான் லெப்பாஸில் 1972-இல் அமைத்தது. நாட்டின் முதல் உயர்தொழில்நுட்பப் பூங்கா 1996-இல் நம் கூலிமில் திறந்தது. பொழுது விடியுமுன் தோட்டத்து முச்சந்தியில் பேக்டரி பஸ் வந்து நிற்பது தென்கெடாவில் அன்றாடக் காட்சி. பால்மரம் சீவிய அம்மாவின் மகள் அந்த பஸ்ஸில் ஏறினாள். உலகத்தின் ஏதோ ஒரு மூலையில் இன்றைக்கும் ஓடிக்கொண்டிருக்கும் கணினிக்குள் அவள் கைபட்ட சில்லு இருக்கிறது.

அப்படி வேலை செய்து ஓய்வு பெற்ற ஓர் அக்காவின் வீட்டுக்குப் போயிருந்தேன். பீடோங் பக்கம். முன்கூடத்து மூலையில் பழைய கைலி போர்த்தி வைத்திருந்தார், கணினியை.

“தம்பி, கடையில கேட்டா இதுக்கு இனிமே ஒண்ணும் செய்ய முடியாது, புதுசு வாங்குங்கன்னு சொல்லிட்டாங்க. பேரப்புள்ளைக்குப் பாடம் செய்யணும். இது ஓடுமா?”

சில்லைத் துடைத்து அவரிடம் நீட்டினேன். கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு பார்த்தார். “இதத்தான ஷிப்டு ஷிப்டா உட்கார்ந்து பார்த்து அனுப்புனோம்!” என்றார்.

“ஓடும் அக்கா,” என்றேன். “ஆனா ஒருத்தர் பார்த்துக்கணும்.”

நான் இங்கே சொல்ல வந்தது அந்த இரண்டாவது வாக்கியத்தைத்தான். பழைய கணினியில் இலகுவான இயங்குதளத்தை ஏற்றுவது எப்படி என்று காட்டும் காணொளிகள் ஆயிரம் கிடைக்கின்றன. பத்து நிமிடத்தில் செத்த கணினி எழுந்து நிற்கும், பார்ப்பவர் கைதட்டுவார். ஏற்றியதற்கு மறுமாதம், மறுவருடம் அதை யார் பார்த்துக்கொள்வது என்று எவரும் கேட்பதில்லை. கணினியின் பாதுகாப்பு இருப்பது அந்தக் கேள்வியில்தான்.

அக்காவின் பெட்டியில் இருந்தது விண்டோஸ் 10. அதுவும் உரிமம் இல்லாதது. யாரோ ஒருவர் ஐம்பது வெள்ளி வாங்கிக்கொண்டு, பூட்டை உடைக்கும் நிரல் ஒன்றை ஓட்டிப் போட்டுக்கொடுத்திருக்கிறார். அப்படிப்பட்ட பூட்டுடைக்கும் நிரல்களோடு கடவுச்சொல் திருடும் நிரல் ஒட்டிக்கொண்டு வருவது பாதுகாப்பு ஆய்வாளர்கள் திரும்பத் திரும்பக் கண்டு சொன்ன செய்தி. முறையான உரிமம் வைத்திருந்தாலும் நிலைமை கடினம்தான். விண்டோஸ் 10-க்கான இலவசப் பாதுகாப்புத் திருத்தங்களை மைக்ரோசாப்ட் 2025 அக்டோபர் 14-ஆம் நாளோடு நிறுத்தியது. வீட்டுப் பயனர்கள் பதிவு செய்துகொண்டால் 2026 அக்டோபர் 13 வரை ஓராண்டு தவணை என்று அறிவித்தது. அடுத்த படி விண்டோஸ் 11. அது கேட்பது 4 ஜிபி நினைவகம், 64 ஜிபி சேமிப்பிடம், டிபிஎம் 2.0 என்ற பாதுகாப்புச் சில்லு. இண்டெல் செயலி என்றால், மிகச் சில விலக்குகள் நீங்கலாக, 2017-இல் வரத் தொடங்கிய எட்டாம் தலைமுறை அல்லது அதற்குப் பிந்தையது. நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் எத்தனையோ கணினிகள் அந்தக் கோட்டுக்கு அப்பால் நின்றுவிட்டன.

ஆதரவு முடிந்த கணினி மறுநாள் காலையிலும் வழக்கம்போல் எழும். படம் ஓடும், பாட்டு ஓடும். அதனால்தான் யாருக்கும் ஆபத்து தெரிவதில்லை. அடுத்த மாதம் ஓர் ஓட்டை வெளியே தெரியவந்தால், புதிய இயங்குதளங்களுக்கு மட்டும் ஒட்டுப் போடுவார்கள். பழையதில் அந்த ஓட்டை நிரந்தரமாகிவிடும்.

2017 மே 12-ஆம் நாள் பரவிய ‘வானாகிரை’ என்ற தீய நிரல் நினைவிருக்கலாம். பிரிட்டனின் பொது மருத்துவமனைகளில் திரைகள் பூட்டிக்கொண்டன, சிகிச்சைகள் தள்ளிப்போயின. விண்டோஸ் எக்ஸ்பி போன்ற கிழட்டு இயங்குதளங்களால் வந்த வினை என்று அன்றைக்குப் பலரும் எழுதினார்கள். எக்ஸ்பிக்கான ஆதரவு 2014 ஏப்ரல் 8-ஆம் நாளே முடிந்துவிட்டது என்பதும் உண்மை. ஆனால் பின்னர் கணக்கெடுத்தபோது, பாதிக்கப்பட்டவற்றில் பெரும்பாலானவை விண்டோஸ் 7 கணினிகள் என்று தெரிந்தது. அப்போது விண்டோஸ் 7-க்கு ஆதரவு இருந்தது. அந்த ஓட்டைக்கான திருத்தத்தை மார்ச் 14-ஆம் நாளே, அதாவது எட்டு வாரங்களுக்கு முன்பே, மைக்ரோசாப்ட் வெளியிட்டிருந்தது. திருத்தம் இருந்தது. போடுவதற்கு ஆள்தான் இல்லை.

லினக்ஸ் என்ற இலவச இயங்குதளத்தை ஏற்றிக்கொண்டால் கவலை இல்லை என்று நினைப்பவர்களுக்கும் இதையேதான் சொல்லுவேன்.

யார் வீட்டில் கணினி இருக்கிறது?

2020 மார்ச் 18-இல் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை வந்து பள்ளிகள் மூடியபோது கல்வி அமைச்சு பெற்றோரிடம் ஓர் ஆய்வு நடத்தியது. ஏறக்குறைய ஒன்பது லட்சம் மாணவர்களைப் பற்றிய தகவல். அவர்களில் 36.9 விழுக்காட்டினரிடம் எந்த மின்னியல் சாதனமும் இல்லை. மடிக்கணினி இருந்தது 9 விழுக்காட்டினரிடம். மேசைக் கணினி சுமார் 6 விழுக்காடு. மற்றவர்களில் பெரும்பாலோருக்குக் கைத்தொலைபேசியே வகுப்பறை. பிறகு 2021 வரவு செலவுத் திட்டத்தில் 500 பள்ளிகளுக்கு 150,000 கருவிகள் என்று செர்டிக் திட்டம் வந்தது. வந்ததை நன்றியோடு ஏற்கிறேன். ஆனால் ஐந்து பிள்ளைகள் இருக்கும் வீட்டில் ஒரு கருவி என்பது வரிசையில் நிற்பதற்கான இன்னொரு காரணம்தான்.

கைத்தொலைபேசியில் பாடம் கேட்கலாம். இரண்டு பக்கக் கட்டுரையை அதில் எழுதிப் பார்த்தவர்களுக்குத் தெரியும் அதன் துன்பம். கட்டை விரலால் தமிழ் தட்டி, மேலே போய்த் திருத்தி, கீழே வருவதற்குள் பிள்ளைக்கு அலுத்துவிடும். பெரிய திரையும் விசைப்பலகையும் எழுதும் பிள்ளைக்குத் தேவை. எஸ்பிஎம் எழுதும் பிள்ளைக்கு இன்னும் தேவை. நல்ல வேளையாக, கல்வி அமைச்சின் ‘டெலிமா’ தளம் உலாவியில் ஓடுவது. கூகள் வகுப்பறையும் அப்படியே. வருமானவரிப் படிவம் நிரப்புவதும் அப்படியே. எந்த இயங்குதளம் என்று அவை கேட்பதில்லை. இன்றைய நிலையில் உள்ள ஓர் உலாவி இருந்தால் போதும்.

தோட்டம் செம்பனையாகி, செம்பனை தாமானாகி, பள்ளியின் பெயரில் மட்டும் ‘லாடாங்’ மிஞ்சியிருக்கும் ஊர்கள் கெடாவில் பல. அந்தத் தாமான்களின் மலிவு வீடுகளில் கட்டிலுக்கு அடியில் கிடக்கும் பெட்டிகளைக் கணக்கெடுத்தால் ஒரு பள்ளிக்கே கணினிக்கூடம் அமைக்கலாம் என்று நான் உறுதியாக நம்புகிறேன். தூக்கிப் போட்டால் அது எங்கே போகும் என்பதையும் பார்க்க வேண்டும். சீனா 2018-இல் நெகிழிக் கழிவை உள்ளே விடமாட்டேன் என்றதும் அந்தக் கழிவு சுங்கைப்பட்டாணிக்கும் வந்து குவிந்தது, இரவில் எரித்தார்கள், மூச்சு முட்டுகிறது என்று மக்கள் முறையிட்டார்கள். அந்த நாற்றத்தை முகர்ந்த ஊர், மின்னியல் குப்பையை எளிதாக எடுத்துக்கொள்ளக் கூடாது. சட்டமும் அதைச் சாதாரணக் குப்பையாகக் கருதவில்லை: 2005-ஆம் ஆண்டுச் சுற்றுச்சூழல் விதிமுறைகளில் எஸ்டபிள்யூ 110 என்ற எண்ணோடு ஆபத்தான கழிவுப் பட்டியலில் வைத்திருக்கிறது.

இலகு வேறு, காவல் வேறு

‘இலகுவான இயங்குதளம்’ என்றதும் முதலில் காதில் விழும் பெயர் பப்பி லினக்ஸ். ஆஸ்திரேலியாவின் பேரி காவ்லர் 2003-இல் வெளியிட்டது. சில நூறு எம்பிதான். ஒரு விரலியில் போட்டுச் செருகினால், முழுவதும் நினைவகத்துக்குள் ஏறி உட்கார்ந்துகொள்ளும். ஹார்ட் டிஸ்க் செத்த கணினியைக்கூட எழுப்பிவிடும். அதை முதன்முதலில் பார்த்த நாளை என்னால் மறக்க முடியாது.

ஆனால் பப்பியில் ஒரு வழக்கம் உண்டு. அது தொடக்கத்திலிருந்தே பயனரை ‘ரூட்’ ஆக, அதாவது எல்லா அதிகாரமும் உள்ளவராக உள்ளே விடுகிறது. மற்ற லினக்ஸ்களில் நாம் சாதாரண ஆளாக நுழைவோம். நிரல் நிறுவவோ அமைப்பை மாற்றவோ வேண்டுமானால் கடவுச்சொல் கேட்கும். தோட்டத்தில் மேனேஜரின் சாவிக்கொத்து அவர் இடுப்பில் இருக்கும். ஸ்டோருக்குப் போகிறவர் கேட்டு வாங்கிப் போய்த் திறந்து, திரும்பக் கொடுத்துவிடுவார். பப்பியில் சாவிக்கொத்து எப்போதும் கதவிலேயே தொங்குகிறது.

இதில் பப்பி பக்கத்து நியாயமும் இருக்கிறது. அதைக் காது கொடுத்துக் கேட்க வேண்டும். இயங்குதளத்தின் கோப்புகள் ஒரே பொட்டலமாக, எழுத முடியாதபடி சுருக்கி வைக்கப்பட்டிருக்கின்றன. ஒவ்வொரு முறை எழும்போதும் அந்தப் பொட்டலத்திலிருந்து புதிதாக விரிகிறது. நடுவில் ஏதாவது தொற்றினாலும், சேமிக்காமல் அணைத்துவிட்டால் போய்விடும். வீட்டில் ஒருவர் மட்டும் பயன்படுத்தும் கணினியில், ரூட் ஆனாலும் இல்லாவிட்டாலும் திருடனுக்கு வேண்டியது அவருடைய கோப்புகளும் கடவுச்சொற்களும்தான். அவை சாதாரணக் கணக்கிலேயே இருக்கின்றன. இவ்வளவும் உண்மை.

விட்டுப்போனதும் இருக்கிறது. ரூட்டாக ஓடும் உலாவிக்குள் தீய நிரல் நுழைந்தால், அந்தக் கணினியில் இணைந்திருக்கும் ஹார்ட் டிஸ்க் முழுவதும் அதன் கைக்குள் வந்துவிடும். பழைய விண்டோஸ் பகுதி, அதில் கிடக்கும் கல்யாணப் படங்கள், அடையாள அட்டை நகல்கள், எல்லாம். ‘சேமிக்கவா?’ என்று அணைக்கும்போது கேட்டால் பிள்ளைகள் ‘ஆம்’ என்றுதான் அழுத்துவார்கள். அழுக்கும் சேர்ந்து சேமிப்பாகும். உலாவியை ‘ஸ்பாட்’ என்ற அதிகாரம் குறைந்த கணக்கில் ஓட்டும் வசதி பப்பியிலேயே உண்டு. பயன்படுத்துகிறவர் அதை அறிந்திருக்க வேண்டும். இன்னொன்றும் உண்டு: எழுத முடியாத பொட்டலம் என்றால் அதற்குள் இருக்கும் உலாவியும் பொட்டலம் கட்டிய அன்றைக்கு இருந்த உலாவிதான். இரண்டு வருடம் முந்தைய விரலி இரண்டு வருடம் முந்தைய ஓட்டைகளோடுதான் எழும்.

என் முடிவு இது. விஷயம் தெரிந்த ஒருவர் அவசரத்துக்கு வைத்துக்கொள்ளப் பப்பி அருமை. கெட்டுப்போன கணினியிலிருந்து கோப்புகளை மீட்க அதைவிடச் சுலபமானது எனக்குத் தெரியாது. வங்கி வேலைக்கு மட்டும், சேமிப்புக் கோப்பை எடுக்காமல் எழும்பச் சொல்லும் ‘பிபிக்ஸ்=ராம்’ கட்டளையோடு, ஹார்ட் டிஸ்க்கைத் தொடாமல், அண்மையில் இறக்கிய பதிப்பை ஓட்டினால் அதுவும் நல்ல வழிதான். 2009-இலேயே வாஷிங்டன் போஸ்ட்டில் பிரையன் கிரெப்ஸ் சிறுவணிகர்களுக்கு அந்த மாதிரியான யோசனையைச் சொன்னார்: வங்கிக் கணக்கைத் திறக்க மட்டும் லினக்ஸ் குறுந்தட்டில் கணினியை எழுப்புங்கள் என்று. ஆனால் நான்கு பேர் மாறி மாறி உட்காரும் குடும்பக் கணினிக்கும் பள்ளிக் கணினிக்கும் பப்பியை நான் போட்டுக்கொடுப்பதில்லை. அங்கே ஒவ்வொருவருக்கும் தனிக் கணக்கு, நிர்வாகக் கடவுச்சொல் பெரியவர் ஒருவரிடம் மட்டும் என்று இருக்க வேண்டும். டெபியனோடு எக்ஸ்எப்சிஇ அல்லது எல்எக்ஸ்கியூடி என்ற இலகுவான திரைமுகப்பு, லினக்ஸ் மிண்ட்டின் எக்ஸ்எப்சிஇ பதிப்பு, லுபுண்டு, மிகவும் மெலிந்த கணினியானால் ஆன்டிஎக்ஸ் என்று இவற்றில் ஒன்று போதும். லுபுண்டுவின் நீண்டகாலப் பதிப்புக்கு மூன்று வருடமே ஆதரவு, மிண்ட்டுக்கு ஐந்து. ஏற்றும் முன் இந்தக் கணக்கைப் பார்ப்பவர் குறைவு. நான் முதலில் பார்ப்பதே இதைத்தான்.

32-பிட் கணினிகளைப் பற்றி மனத்தைக் கல்லாக்கிக்கொண்டு ஒன்று சொல்ல வேண்டியிருக்கிறது. பழைய பெண்டியம் 4 கணினிகள் பலவும், 2008 வாக்கில் எல்லாரும் ஆசையாக வாங்கிய ஆட்டம் என்270 சில்லு போட்ட குட்டி மடிக்கணினிகளும் இந்த வகை. குரோம் உலாவி 2016-இலேயே 32-பிட் லினக்ஸைக் கைவிட்டது. உபுண்டு 2019-இல் விட்டது. 2025 ஆகஸ்டில் வெளிவந்த டெபியன் 13-இல் 32-பிட் கணினிக்கான நிறுவி இல்லை. பயர்பாக்ஸும் 145-ஆம் பதிப்பிலிருந்து நிறுத்திக்கொண்டது. ஆர்வலர்கள் இன்னும் சில காலம் தாக்குப் பிடிப்பார்கள். அவர்களுக்கு என் வணக்கம். ஆனால் அந்தக் கணினியை வங்கிக்கும் மின்னஞ்சலுக்கும் இனி நம்பக் கூடாது. இணையக் கம்பியைப் பிடுங்கிவிட்டுத் தட்டச்சுப் பழகவும், சதுரங்கம் ஆடவும், கட்டுரை எழுதவும் வைத்துக்கொள்ளலாம். அதற்கு அது இன்னும் பத்து வருடம் உழைக்கும். கோர் 2 டுவோவும் அந்த வரிசையில் அதற்குப் பின் வந்தவையும் 64-பிட் என்பதால் தப்பித்தன.

தப்பித்தன என்றாலும் முழுவதும் தப்பவில்லை. 2018 ஜனவரியில் செயலிச் சில்லுகளின் அமைப்பிலேயே ஓட்டைகள் இருப்பது தெரியவந்தது: மெல்ட்டவுன், ஸ்பெக்டர் என்று பெயர் வைத்தார்கள். புதிய சில்லுகளுக்கு இண்டெல் திருத்தம் கொடுத்தது. கோர் 2 காலத்துச் சில்லுகள் பலவற்றுக்கு இனிமேல் கொடுக்கப்போவதில்லை என்று அந்த ஏப்ரலில் அறிவித்துவிட்டது. லினக்ஸ் கருநிரலும் உலாவிகளும் தங்கள் பங்குக்குச் சில தடுப்புகளை வைத்திருக்கின்றன. அதனால்தான் அவை இரண்டும் எப்போதும் புதிதாக இருக்க வேண்டும் என்று இவ்வளவு வலியுறுத்துகிறேன்.

ஏற்றும் நாளும் ஏற்றிய பிறகும்

இயங்குதளத்தை நண்பரின் விரலியிலிருந்து வாங்காதீர்கள். அதை உருவாக்கியவர்களின் தளத்திலிருந்து இறக்குங்கள்; இறக்கிய கோப்பின் சரிபார்ப்பு எண்ணை ஒப்பிட்டுப் பாருங்கள். 2016 பிப்ரவரி 20-ஆம் நாள் லினக்ஸ் மிண்ட்டின் சொந்தத் தளத்தையே உடைத்து, பின்கதவு வைத்த கோப்புக்கு ஆட்களைத் திருப்பிவிட்டார்கள். சரியான எண்ணோடு ஒப்பிட்டால் வித்தியாசம் தெரிந்துவிடும். சரிபார்க்க இரண்டு நிமிடம்கூட ஆகாது.

நிறுவும்போது பழைய ஹார்ட் டிஸ்க் துடைபட்டுப்போகும். அதற்கு முன் படங்களை எடுத்து வைக்க வேண்டும் என்பது எல்லாருக்கும் தெரியும். அலுவலகங்கள் பள்ளிக்கு நன்கொடையாகக் கொடுக்கும் கணினிகளில் எதிர்ப்பக்கம் நடக்கிறது: யாரும் துடைப்பதே இல்லை. ஒருமுறை எனக்கு வந்த பெட்டியில் ஓர் அலுவலகத்து ஊழியர்களின் சம்பளப் பட்டியலும் அடையாள அட்டை எண்களும் அப்படியே கிடந்தன. நல்ல மனத்தோடு கொடுத்தவர்கள்தான். வட்டு முழுவதையும் மேலெழுதி அழித்த பிறகே வேறு வேலை பார்த்தேன்.

நினைவகத்தை 4 ஜிபி ஆக்க முடிந்தால் ஆக்குங்கள். ஹார்ட் டிஸ்க்கை எடுத்துவிட்டுச் சிறிய எஸ்எஸ்டி போட்டால் கிடைக்கும் வேகம் எந்த இலகு இயங்குதளமும் தர முடியாதது. இயங்குதளங்கள் மெலிந்திருக்கலாம், இணையப் பக்கங்கள் வருடா வருடம் பருத்துக்கொண்டே போகின்றன. எல்எக்ஸ்கியூடி வெறுமனே இருக்கும்போது எடுப்பதைவிட, நான்கு பக்கங்களைத் திறந்து வைத்த உலாவி அதிக நினைவகம் எடுக்கும். விளம்பரத் தடுப்பான் ஒன்றைப் போட்டால் சுமை குறைவதோடு, ‘இங்கே இறக்கு’ என்று ஏமாற்றும் போலிப் பொத்தான்களும் மறையும்.

இப்போது சொல்லப்போவதை எந்தக் காணொளியிலும் நான் பார்த்ததில்லை. நம் வீடுகளிலோ வாராவாரம் பார்க்கிறேன். தாய்ப்பலகையில் ஒரு காசு அளவில் வட்டமாக ஒரு மின்கலம் இருக்கும். சிஆர்2032 என்று பெயர், சில வெள்ளிதான். அது தீர்ந்துபோனால் கணினி தேதியை மறந்துவிடும். அணைத்துப் போடும்போதெல்லாம் பல வருடம் பின்னால் போய் நிற்கும். உடனே உலாவி ஒவ்வொரு தளத்திலும் ‘சான்றிதழ் செல்லாது, இந்தத் தளம் பாதுகாப்பானது அல்ல’ என்று சிவப்பில் எச்சரிக்கும். ஏனென்றால் அந்தச் சான்றிதழ் அதன் கணக்குப்படி இன்னும் பிறக்கவே இல்லை. பிள்ளைகள் ‘பரவாயில்லை, தொடர்’ என்று அழுத்தப் பழகிக்கொள்கிறார்கள். ஒரு நாள் உண்மையிலேயே போலியான தளம் வரும். அன்றைக்கும் அதே விரல் அதே பொத்தானை அழுத்தும். மூன்று வோல்ட் மின்கலம் ஒன்றை மாற்றாததால் ஒரு குடும்பத்தின் எச்சரிக்கை உணர்வே மழுங்கிப்போகிறது. எனக்கு இது உண்மையாகவே வலிக்கும் விஷயம்.

அடுத்தது மின்னல். உலகில் இடிமின்னல் மிக அதிகமாக இறங்கும் பகுதிகளில் நம் நாடும் ஒன்று. மாலையில் வானம் கறுத்ததும் சுவர்ப் பிளக்கைப் பிடுங்க நமக்குத் தெரியும். மோடத்திலிருந்து வரும் கம்பியைப் பிடுங்க மறந்துவிடுகிறோம். அந்த வழியாகவும் மின்னல் வரும். மடிக்கணினியின் பேட்டரி உப்பியிருந்தால் அதை அழுத்தி மூடி ஓட்டாதீர்கள். கழற்றிவிட்டுச் சுவர் மின்சாரத்தில் ஓட்டுங்கள். பெட்டிக்குள் எறும்பும் பல்லியும் குடியிருக்கின்றனவா என்று ஆறு மாதத்துக்கு ஒருமுறை பாருங்கள்.

லினக்ஸில் வைரஸ் வராது என்று சொல்லி யாருக்கும் தைரியம் கொடுக்காதீர்கள். வங்கி அதிகாரி போலப் பேசி கடவுச்சொல் கேட்கும் குரலுக்கு எந்த இயங்குதளமும் ஒரு பொருட்டில்லை. பணம் போய்விட்டது என்று தெரிந்த அந்த நிமிடமே 997-ஐ அழையுங்கள். 2022 அக்டோபரிலிருந்து மோசடிப் புகார்களைக் கவனிக்கும் தேசிய மையம் அந்த எண்ணில் இயங்குகிறது. இந்த எண்ணைத் தாளில் எழுதித் திரையின் ஓரத்தில் ஒட்டுவதும் கணினியைப் பழுதுபார்ப்பதில் ஒரு பகுதி என்றே கருதுகிறேன்.

தமிழ் எழுத முடியுமா என்று ஆசிரியர்கள் கேட்பார்கள். முடியும். தமிழ்99, ஒலியியல், பழைய தட்டச்சு எல்லா விசைமுறைகளும் ஐபஸ் என்ற உள்ளீட்டு நிரல் வழியாக இலவசமாகக் கிடைக்கின்றன. எழுத்துருக்களை நிறுவாவிட்டால்தான் பெட்டி பெட்டியாகத் தெரியும். 1985-இல் முத்து நெடுமாறன் ‘முரசு’ தந்த நாடு இது. தமிழ்க் கணிமைக்கு நாம் அந்நியர் இல்லை. தமிழிலேயே லினக்ஸ் படிக்க, 2012-இலிருந்து வரும் ‘கணியம்’ இதழும் அவர்களுடைய இலவச மின்னூல்களும் இருக்கின்றன.

யார் பார்த்துக்கொள்வது என்ற கேள்விக்குக் கேரளம் ஒரு பதில் வைத்திருக்கிறது. அங்கே அரசுப் பள்ளிகள் கட்டற்ற மென்பொருளுக்கு மாறிப் பல வருடங்களாகின்றன. 2019-இல் உபுண்டுவை அடிப்படையாகக் கொண்ட தங்கள் பள்ளி இயங்குதளத்தின் புதிய பதிப்பை இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட பள்ளிக் கணினிகளுக்காக வெளியிட்டார்கள். மென்பொருள் இலவசம் என்பதால் மட்டும் அது நிலைக்கவில்லை. பள்ளி ஆசிரியர்களையே பயிற்றுநர்களாக்கினார்கள். மாணவர் மன்றம் அமைத்துப் பிள்ளைகள் கையிலும் பொறுப்பைக் கொடுத்தார்கள்.

நமக்கு அவ்வளவு பெரிய அமைப்பு வேண்டாம். கெடாவில் ஐம்பதுக்கும் மேற்பட்ட தமிழ்ப்பள்ளிகள் இருக்கின்றன. ஒவ்வொன்றிலும் பெற்றோர் ஆசிரியர் சங்கம் இருக்கிறது. சிலவற்றில் முன்னாள் மாணவர் சங்கமும் உண்டு. ஒலிபெருக்கிக்குப் பொறுப்பாளர், பந்தலுக்குப் பொறுப்பாளர் என்று திருவிழாவுக்குப் பிரிப்பதுபோல், கணினிக்கும் ஓர் ஆளைப் பெயர் சொல்லி நியமியுங்கள் என்பதுதான் என் கோரிக்கை. செமெலிங்கில் ஏய்ம்ஸ்ட் பல்கலைக்கழகம் இருக்கிறது, ஜித்ராவில் போலிடெக்னிக் இருக்கிறது, சிந்தோக்கில் வடமலேசியப் பல்கலைக்கழகம் இருக்கிறது. அங்கே படிக்கும் நம் பிள்ளைகள் மாதத்தில் ஒரு சனிக்கிழமை தங்கள் பழைய பள்ளிக்குப் போனால் போதும். கணினிக்கு ஒன்றாக நூல் கட்டிய ஒரு நோட்டுப் புத்தகம் வையுங்கள். எந்த இயங்குதளம், எப்போது ஏற்றியது, யாரிடம் நிர்வாகக் கடவுச்சொல், கடைசியாகப் புதுப்பித்த தேதி. தோட்டத்தில் செக்ரோல் எழுதிய கிராணிமார் பரம்பரை நாம். ஏடு வைத்துக்கொள்ள நமக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

பீடோங் அக்காவின் கணினிக்கு 4 ஜிபி நினைவகமும் ஒரு சிறிய எஸ்எஸ்டியும் போட்டு, டெபியன் 13 ஏற்றினேன். மின்கலத்தை மாற்றினேன். பேரனுக்கு ஒரு கணக்கு, அக்காவுக்கு ஒரு கணக்கு. நிர்வாகக் கடவுச்சொல்லை எழுதி அக்கா தன் சாமி மேடை இழுப்பறையில் வைத்துக்கொண்டார். சனிக்கிழமை தோறும் புதுப்பிப்பதைப் பேரனுக்குக் காட்டிக்கொடுத்தேன். மூன்றாம் முறை அவனே செய்தான், என்னைத் தள்ளி உட்காரச் சொல்லிவிட்டு.

கிளம்பும் முன் வெள்ளை டேப்பில் ‘2030 ஜூன் 30’ என்று எழுதிப் பெட்டியின் முகப்பில் ஒட்டினேன். டெபியன் 13-இன் நீண்டகால ஆதரவு முடியும் நாள் அது.

“அதுக்கப்புறம் என்ன தம்பி?” என்று கேட்டார் அக்கா.

பேரன் நோட்டுப் புத்தகத்தை இழுத்து, முதல் பக்கத்தில் அந்தத் தேதியை எழுதி, பக்கத்தில் தன் பெயரையும் எழுதினான்.